கோர்ட்டு உத்தரவும் சர்க்காரும்

கோர்ட்டு அவமதிப்பு என்ற மாத்திரத்தில் நமது நேயர்களில் பலருக்கு ஒரே விதமான காட்சிதான் மனதில் தோன்றும். பத்திரிகாசிரியன் ஒருவன் நீதிபதிகளைக் குறித்து ஏதோ காரசாரமாக எழுதிவிடுகிறான். அல்லது மேடையிலே ஒரு பிரசங்கி வரம்பு கடந்து பேசிவிடுகிறான். நோட்டீஸ் வருகிறது. மன்னிப்பா, சிறையா என்ற விவகாரம் நடக்கிறது. ஊரெல்லாம் அதே பேச்சாகிவிடுகிறது. பத்திரிகை நடத்திப் பிழைக்கும் நமக்கு அந்த விஷயத்தில் அக்கறை இல்லையென்று யாரும் நினைக்கமாட்டார்கள். ஆயினும் இன்று நாம் எழுதப் புகுந்தது அதைப்பற்றியன்று. சத்தமே இல்லாமல் தினந்தோறும் நடந்துவரும் வேறோர் அவமதிப்பு உண்டு. அதைச் செய்கிறவர்கள் பத்திரிகைக்காரர்களுமல்லர், பிரசங்கிகளுமல்லர். சர்க்கார் மேஜைகளுக்குப் பின்னால் வீற்றிருக்கும் கனவான்களே அதைச் செய்கிறார்கள்.

1971-ஆம் வருஷத்திய கோர்ட்டு அவமதிப்புச் சட்டம் இக்குற்றத்தை இரண்டாகப் பிரிக்கிறது. நீதிமன்றத்தின் கௌரவத்தைக் குலைப்பதும் நீதி பரிபாலனத்துக்கு இடையூறு செய்வதும் கிரிமினல் அவமதிப்பு. கோர்ட்டின் தீர்ப்பு, டிக்ரி, கட்டளை, ரிட்டு முதலியவற்றுக்கு வேண்டுமென்றே கீழ்ப்படியாதிருப்பதும், கோர்ட்டுக்குக் கொடுத்த வாக்குறுதியை வேண்டுமென்றே மீறுவதும் சிவில் அவமதிப்பு. ‘வேண்டுமென்றே’ என்னும் வார்த்தையை நேயர்கள் கவனிக்கவேண்டும். செய்ய முடியாமற் போனவன் குற்றவாளியல்லன். செய்யக்கூடியதைச் செய்யாமலிருப்பவனே குற்றவாளி. முதல் வகைக் குற்றத்தில் புண்படுவது நீதிமன்றத்தின் மானம். இரண்டாவது வகையிலோ, கோர்ட்டுக்கு நேரும் தலைக்குனிவோடு காரியம் முடிவதில்லை. ஜயித்தவன் வீட்டில் அடுப்பெரியாமற் போகிறது.

நாம் வக்கீல் தொழில் நடத்திவந்த காலத்தில் ஓர் ஆரம்பப் பாடசாலை உபாத்தியாயர் நம்மிடம் வந்தார். முப்பது வருஷங்களுக்கு மேல் பிள்ளைகளுக்கு அரிச்சுவடி சொல்லிக்கொடுத்துவிட்டு ஓய்வு பெற்றவர். அவருடைய பென்ஷன் கணக்கில் சில வருஷங்களைச் சேர்க்க ஓர் இலாகா மறுத்துவிட்டது. ரிட்டு மனுப் போட்டோம். மூன்று வருஷங்களுக்குப் பிறகு ஜயம் கிடைத்தது. பன்னிரண்டு வாரங்களுக்குள் பாக்கியைக் கணக்கிட்டுக் கொடுக்கவேண்டுமென்று உத்தரவாயிற்று. கிழவர் எங்களுக்கெல்லாம் கற்கண்டு வாங்கி வந்து கொடுத்தார். பன்னிரண்டு வாரம் கழிந்தது. ‘விஷயம் பரிசீலனையில் இருக்கிறது’ என்று ஒரு கடிதம் வந்தது. பின்னர் ‘மேலிடத்து அபிப்பிராயம் கேட்கப்பட்டிருக்கிறது’ என்று மற்றொன்று. அதற்கும் பின்னர் ‘பைல் நிதி இலாகாவுக்குப் போயிருக்கிறது’ என்று இன்னொன்று. அவமதிப்பு நடந்த நாளிலிருந்து ஒரு வருஷத்துக்குள் கோர்ட்டு நடவடிக்கை தொடங்காவிட்டால் அப்புறம் தொடங்கக்கூடாதென்று சட்டத்தின் 20-ஆம் பிரிவு சொல்லுகிறது. அந்தக் கெடு நமக்குத் தெரிந்ததைப் போலவே இலாகாவில் உள்ளவர்களுக்கும் நன்றாகத் தெரிந்திருந்தது. பதினோராவது மாதத்தில் அவமதிப்பு மனுவைத் தாக்கல் செய்தோம். விசாரணைக்கு இரண்டு நாள் முன்பு, மூன்று வருஷ வழக்காலும் பதினோரு மாதக் கடிதங்களாலும் நகராத பைல் பறந்து வந்தது, பணம் வந்தது, தாமதத்துக்கு வருந்துவதாக ஓர் அபிடவிட்டும் வந்தது. கோர்ட்டார் மனுவை முடித்துவிட்டார்கள். வெளியே வந்ததும் கிழவர் நம்மைப் பார்த்து, “ஐயா, கோபித்துக்கொள்ளக் கூடாது. முதல் வழக்கு எதற்கு? இந்த இரண்டாவது வழக்கையே முதலில் போட்டிருக்கலாமே!” என்று கேட்டார். சட்டம் படித்த நமக்கு அதற்கு விடை சொல்லத் தெரியவில்லை.

இது ஒரு கிழவரின் கதை மட்டுமன்று. ஹைகோர்ட்டுகளில் அவமதிப்பு மனுக்கள் விசாரணைக்கு வரும் நாளில் ஜாபிதாவை ஒரு முறை கண்ணோட்டம் விட்டாற் போதும். எதிர்மனுதாரர் இடத்தில் காரியதரிசி, கலெக்டர், கமிஷனர், டைரக்டர், தாசில்தார் என்று வரிசையாகப் பார்க்கலாம். தனி மனிதர்களும் உத்தரவை மீறுவதுண்டு. தம்பி அண்ணனுடைய வேலியைப் பிடுங்குவான்; வாடகைக்காரன் காலி செய்வதாக எழுதிக்கொடுத்துவிட்டுப் பூட்டைத் திறக்கமாட்டான். அவர்களுக்கு மருந்து இருக்கிறது. தடையுத்தரவை மீறியவனுடைய சொத்தை ஜப்தி செய்யவும், அவனை மூன்று மாதம் வரை சிவில் சிறையில் வைக்கவும் சிவில் நடைமுறைச் சட்டத்திலேயே வழி உண்டு. டிக்ரியை நிறைவேற்ற அமீனா போகிறான். அமீனாவை மிரட்டினால் துணைக்குப் போலீஸ் போகிறது. ஆனால் போலீஸ் யாருடையது? சர்க்காருடையது. மீறுகிறவரே சர்க்காராக இருந்துவிட்டால் அமீனா யாரை அழைத்துக்கொண்டு போவான்? நமது அரசியலமைப்பு சுப்ரீம் கோர்ட்டுக்கு 129-ஆம் ஷரத்தின் மூலமும் ஹைகோர்ட்டுகளுக்கு 215-ஆம் ஷரத்தின் மூலமும் அவமதிப்பைத் தண்டிக்கும் அதிகாரத்தைக் கொடுத்திருப்பது நீதிபதிகளின் முன்கோபத்துக்காக அன்று. அமீனா போக முடியாத இடத்துக்கு உத்தரவு போகவேண்டும் என்பதற்காகவே.

இனி, நம் நேயர்களில் பெரும்பாலோராகிய அரசியல் தொண்டர்களுக்கு ஒரு சந்தேகம் எழக்கூடும். ‘சட்டத்தை மீறியே சுதந்திரம் வாங்கினோம், உத்தரவை மறுப்பதை நீரா கண்டிப்பது?’ என்று கேட்பார்கள். மறியல் செய்து சிறை கண்ட தொண்டர்கள் பலர் நமக்குச் சிநேகிதர்கள். அவர்களிடத்தில் நமக்கு மரியாதை உண்டு. ஆகவே இந்தக் கேள்விக்குச் சற்று விஸ்தாரமாகவே பதில் சொல்லக் கடமைப்பட்டிருக்கிறோம்.

1917-ஆம் வருஷம் ஏப்ரல் மாதத்தில் சம்பாரண் ஜில்லாவை விட்டு வெளியேறும்படி காந்தியடிகளுக்கு 144-ஆம் பிரிவின்கீழ் உத்தரவு கொடுக்கப்பட்டது. அவர் போகவில்லை. மோதிஹாரியில் மாஜிஸ்திரேட்டின் முன் நின்று, ‘உத்தரவை மீறியது உண்மை’ என்று தாமே ஒப்புக்கொண்டு, தண்டனைக்குச் சித்தமாயிருந்தார். சர்க்கார்தான் வழக்கை வாபஸ் வாங்கிக்கொண்டது. மூன்று வருஷங்களுக்குப் பிறகு அவரே பத்திரிகாசிரியராக அவமதிப்பு வழக்கில் சிக்கினார். சத்தியாக்கிரகப் பிரதிக்ஞை எடுத்துக்கொண்ட வக்கீல்களைப்பற்றி ஆமதாபாத் ஜில்லா ஜட்ஜு ஹைகோர்ட்டுக்கு எழுதிய கடிதத்தைத் தம் ‘யங் இந்தியா’வில் பிரசுரித்துவிட்டார். மன்னிப்புக் கேட்டால் விஷயம் முடிந்துவிடும் என்ற நிலைமை. தாம் செய்தது தவறென்று மனம் ஒப்பாததால் மன்னிப்புக் கேட்க மறுத்து, எந்தத் தண்டனைக்கும் உடன்படுவதாகத் தெரிவித்தார். 1920 மார்ச்சில் பம்பாய் ஹைகோர்ட்டு அவரைக் கடுமையாகக் கண்டித்து எச்சரித்து அனுப்பிற்று. பின்னது கிரிமினல் வகையைச் சேர்ந்ததுதான். ஆனாலும் இரண்டிலும் அவருடைய நடத்தை ஒன்றே. மீறுகிறவன் பகிரங்கமாக மீறுகிறான். தன் பெயரைச் சொல்லி மீறுகிறான். அதன் விலையைத் தன் உடம்பிலிருந்து கொடுக்கிறான்.

இலாகாக் கனவானின் மீறுதலை இதன் அருகில் வைத்துப் பாருங்கள். அவர் ‘கீழ்ப்படிய மாட்டேன்’ என்று ஒருநாளும் சொல்லமாட்டார். உத்தரவு கிடைத்தது, பரிசீலிக்கப்படுகிறது, அப்பீல் செய்ய உத்தேசம் என்பார். அப்பீல் தாக்கல் செய்தால் மட்டும் கீழ்க்கோர்ட்டு உத்தரவு நின்றுவிடாதென்பது எந்தக் குமாஸ்தாவுக்கும் தெரியும். ஸ்டே வாங்கியிருக்கவேண்டும். அதிகாரவரம்பு இல்லாத கோர்ட்டு பிறப்பித்த இடைக்கால உத்தரவேயாயினும், அது ரத்தாகும்வரையில் அதை மீறியவன் தப்பமுடியாதென்று சுப்ரீம் கோர்ட்டே 1997-இல் தீர்ப்பளித்திருக்கிறது. இவ்வளவும் தெரிந்தே அவர் பைலின்மேல் உட்கார்ந்திருப்பார். கடைசியில் கூண்டு தெரிந்தவுடன் நிபந்தனையற்ற மன்னிப்பு! அவருடைய வக்கீலுக்குக் கொடுக்கும் பீஸும் பிரஜைகளின் வரிப்பணம். சத்தியாக்கிரகி என்ற சொல்லை இந்த மனிதருக்காக யாரும் செலவழிக்கவேண்டாம்.

உத்தியோகஸ்தர்களை மட்டும் குறை சொல்லி, மந்திரிகளை விட்டுவிடுவது நியாயமாகாது. ‘ஜனங்களின் உணர்ச்சி’ என்ற கேடயத்தைத் தூக்கிக்கொண்டு உத்தரவுகளைத் தட்டிக் கழிப்பதில் அவர்கள் கைதேர்ந்தவர்கள். காவேரி விஷயம் நமக்கு அயலானதன்று. 1991-இல் நடுவர் மன்றம் கொடுத்த இடைக்கால உத்தரவை வெறுமையாக்கக் கர்நாடக சர்க்கார் ஓர் அவசரச் சட்டம் பிறப்பித்தது. அது செல்லாதென்று அவ்வருஷம் நவம்பரிலேயே சுப்ரீம் கோர்ட்டு சொல்லிவிட்டது. 2002-இல் தண்ணீரை நிறுத்திய கர்நாடக முதன் மந்திரி அவமதிப்பு வழக்கில் நிபந்தனையற்ற மன்னிப்புக் கோரினார். 2016 செப்டம்பரில் தண்ணீர் திறக்கும்படி கோர்ட்டு உத்தரவிட்டுக்கொண்டிருக்கையில், காவேரி நீர் குடிப்பதற்கு மட்டுமேயென்று அந்த ராஜ்யத்துச் சட்டசபை தீர்மானம் நிறைவேற்றியது. பெங்களூரில் பஸ்கள் எரிந்தன. முடிவில் அக்டோபரில் சபை மறுபடி கூடி வேறொரு தீர்மானம் போட்ட பிறகே தண்ணீர் திறக்கப்பட்டது. மாண்டியா ஜில்லாக் குடியானவனும் நம் தஞ்சாவூர்க் குடியானவனைப்போல ஏழைதான்; அவனுடைய பயம் பொய்யன்று. ஆனால் அவனுடைய பயத்தைக் கோர்ட்டிலே எடுத்துச் சொல்வது ஒரு சர்க்காரின் கடமை. கோர்ட்டு சொன்ன பிறகு அதே பயத்தைக் காட்டி உத்தரவை நிறுத்துவது வேறு காரியம்.

டில்லி சர்க்காராவது வழிகாட்டிற்றா? 2018 பிப்ரவரி 16-ஆம் தேதி சுப்ரீம் கோர்ட்டு கடைசித் தீர்ப்பைச் சொல்லி, ஆறு வாரங்களுக்குள் ஒரு ‘ஸ்கீம்’ அமைக்கவேண்டுமென்று கட்டளையிட்டது. தமிழ்நாட்டுக்குரிய நீர் 192 டி.எம்.ஸி.யிலிருந்து 177.25 ஆகக் குறைக்கப்பட்டது நமக்குக் கசப்பாகத்தான் இருந்தது; ஆனாலும் ஏற்றுக்கொண்டோம். ஆறு வாரமும் கழிந்தது. கெடு தீர்ந்த பிறகு மத்திய சர்க்கார் கோர்ட்டுக்குப் போய், ‘ஸ்கீம்’ என்ற சொல்லுக்கு அர்த்தம் என்னவென்று கேட்டது! ஆறு வாரம் முழுவதும் அகராதியைத் தேடிக்கொண்டிருந்தார்கள் போலும். மே மாதத்தில் கர்நாடகத்தில் தேர்தல் நடக்கவிருந்ததென்பதை நேயர்களுக்கு நாம் ஞாபகமூட்டவேண்டியதில்லை. தமிழ்நாடு அவமதிப்பு மனுப் போட்டது. தேர்தல் முடிந்து, ஜூன் 1-ஆம் தேதி ஸ்கீம் கெஜட்டில் வெளியாயிற்று.

நம் கையும் சுத்தம் என்று மார்தட்ட நாம் தயாராக இல்லை. ஜல்லிக்கட்டைச் சுப்ரீம் கோர்ட்டு 2014-இல் தடுத்த பிறகு தடையை மீறி வாடிவாசலைத் திறந்த ஊர்கள் இங்கே உண்டு. ஆனால் இறுதியில் 2017-இல் நடந்தது சரியான வழி. லக்ஷக்கணக்கான வாலிபர்கள் மெரீனாவில் கூடிக் கேட்டார்கள். சர்க்கார் சட்டத்தையே திருத்திற்று. அந்தத் திருத்தம் செல்லுமென்று 2023 மே மாதத்தில் ஐந்து நீதிபதிகள் சேர்ந்து தீர்ப்பளித்தார்கள். சட்டசபைக்குப் பிடிக்காத தீர்ப்பு வந்தால் தீர்ப்புக்கு ஆதாரமாயிருந்த சட்டத்தை மாற்றலாம். சட்டத்தை அப்படியே வைத்துக்கொண்டு தீர்ப்பை மட்டும் குப்பையில் போடுவதற்கு எந்த மெஜாரிட்டியும் போதாது.

மீறினால் என்ன தண்டனை? இந்த இடத்தில்தான் நமக்குச் சிரிப்பும் அழுகையும் ஒருங்கே வருகின்றன. அதிகபட்சம் ஆறு மாத வெறுங்காவல் அல்லது 2,000 ரூபாய் அபராதம் அல்லது இரண்டும். அதிலும் சிவில் அவமதிப்புக்குச் சாதாரணமாக அபராதமே போதும், அது போதாதென்று தோன்றினால் மட்டும் சிவில் சிறை என்று 12-ஆம் பிரிவு சொல்லுகிறது. இந்த 2,000 ரூபாய் எங்கிருந்து வந்தது? வெள்ளைக்காரன் இயற்றிய 1926-ஆம் வருஷத்துச் சட்டத்திலேயே இதே தொகைதான். அதற்கு மறு வருஷம் ரூபாய்க்கு 18 பென்ஸ் என்று நாணய விகிதத்தை நிர்ணயித்தார்கள். அந்தக் கணக்கில் ஒரு சவரன் 13 ரூபாய் சொச்சம். 2,000 ரூபாய் என்பது 150 சவரன். அன்று அது ஒரு பெரிய மிராசுதாரையும் நடுங்கச் செய்யும் அபராதம். இன்று அந்தத் தொகைக்கு அரை கிராம் தங்கம்கூட வாராது. சுதந்திர இந்தியாவின் பார்லிமெண்டு 1971-இல் புதுச் சட்டம் செய்தபோதும் இந்த எண்ணைத் தொடவில்லை. அதன் பின்னரும் தொடவில்லை. மந்திரிகளின் சம்பளம் அன்றுமுதல் இன்றுவரை எத்தனை தடவை உயர்ந்ததென்று நாம் எண்ணிப் பார்க்கவில்லை.

இந்தத் தண்டனையின் எடையை அளக்க ஒரு வழக்குப் போதும். அயோத்தியில் சர்க்கார் எடுத்துக்கொண்ட நிலத்தில் நிரந்தரக் கட்டடம் எழும்பாதென்று உத்தரப் பிரதேசத்து முதன் மந்திரி கோர்ட்டுக்கு வாக்குறுதி கொடுத்திருந்தார். 1992 ஜூலையில் அங்கே சிமெண்டு மேடை எழும்பிற்று. அவ்வருஷம் டிஸம்பர் 6-ஆம் தேதி மசூதியே இடிந்தது. மேடை சம்பந்தமான அவமதிப்புக்காக 1994 அக்டோபரில் அவருக்குக் கிடைத்தது ஒரு நாள் சிறையும் 2,000 ரூபாய் அபராதமும். மசூதி இடிப்பு சம்பந்தமான அவமதிப்பு மனுவோ முப்பது வருஷம் விசாரணையின்றிக் கிடந்து, மனுதாரரும் இறந்து, 2022 ஆகஸ்டில் முடித்துவைக்கப்பட்டது. அந்த விவகாரத்தில் யார் பக்கம் நியாயம் என்பதில் நேயர்களுக்குள் பலவித அபிப்பிராயம் இருக்கலாம். கோர்ட்டுக்குக் கொடுத்த வாக்கின் விலை இவ்வளவுதானா என்பதில் இரண்டு அபிப்பிராயம் இருக்க இடமில்லை.

கோர்ட்டுகள் எப்போதும் இப்படி இளகியிருந்தன என்றும் சொல்ல முடியாது. 1995-இல் கர்நாடக சர்க்கார் காரியதரிசி ஒருவரைச் சுப்ரீம் கோர்ட்டு ஒரு மாதம் சிறைக்கு அனுப்பிற்று. மர அறுவை மில்கள் விஷயமாகத் தன் உத்தரவுக்கு விரோதமாய் அனுமதி கொடுத்ததற்காக 2006 மே மாதத்தில் மகாராஷ்டிர வன இலாகா மந்திரிக்கும் அவருடைய பிரதம காரியதரிசிக்கும் அதே தண்டனை கிடைத்தது. குண்டூர் ஜில்லாவில் ஹைகோர்ட்டின் உத்தரவை மீறி ஏழைகளின் குடிசைகளை இடித்த தாசில்தார் ஒருவர் பிற்பாடு டிப்டி கலெக்டராக உயர்ந்திருந்தார்; 2025 மே மாதத்தில் சுப்ரீம் கோர்ட்டு அவரை மீண்டும் தாசில்தாராகவே இறக்கி, ஒரு லக்ஷம் ரூபாய் அபராதமும் விதித்தது. சிறையைவிட இந்தப் பதவி இறக்கம் உத்தியோக உலகத்தில் அதிகம் பேசப்பட்டதாம். எந்த இடத்தில் அடித்தால் வலிக்கும் என்பதை நீதிபதிகள் கண்டுபிடித்துவிட்டார்கள்.

மறுபக்கத்தையும் சொல்லாமல் விட்டால் நாம் நேர்மையானவர்களாக மாட்டோம். நீதிபதிகளும் மனிதர்கள்தாம். 2023-இல் அலகாபாத் ஹைகோர்ட்டு, ஓய்வுபெற்ற நீதிபதிகளுக்கு வேலையாட்கள் முதலிய வசதி செய்துகொடுக்கும் விஷயமாகத் தன் உத்தரவு நிறைவேறவில்லையென்று நிதி இலாகா அதிகாரிகள் இருவரைக் கோர்ட்டிலேயே காவலில் வைத்தது. இது வரம்பு மீறிய செய்கையென்று சுப்ரீம் கோர்ட்டு 2024 ஜனவரியில் அதை ரத்து செய்தது. அதிகாரிகளை எடுத்ததற்கெல்லாம் நேரில் வரவழைத்து நிற்கவைப்பதும், அவர்கள் உடுப்பைப்பற்றிப் பேசுவதும், அவமானப்படுத்துவதும் கூடாதென்று நெறிமுறைகளும் வகுத்தது. இதை நாம் மனப்பூர்வமாக வரவேற்கிறோம். கலெக்டரைக் காலை முதல் மாலை வரை வராந்தாவில் உட்காரவைப்பதால் கிழவனுக்குப் பென்ஷன் வந்துவிடாது. அன்று கலெக்டரைப் பார்க்க வந்த இருநூறு பேர் வெறுங்கையோடு திரும்புவதுதான் மிச்சம்.

பின் என்னதான் வேண்டும்? உத்தரவிலேயே, செய்யவேண்டிய உத்தியோகஸ்தர் யார், எந்தத் தேதிக்குள் என்பது திட்டமாக இருக்கட்டும். ‘சர்க்கார் செய்யவேண்டும்’ என்ற வாக்கியத்தில் சர்க்கார் என்பவர் எந்த அறையில் உட்கார்ந்திருக்கிறார் என்று ஏழைக்குத் தெரியாது. தேதி தவறி, இரண்டாவது மனு அவசியமாகிவிட்டால், அந்த மனுவின் முழுச் செலவும் வட்டியும் தவறியவருடைய சம்பளத்திலிருந்தே போகட்டும், பொக்கிஷத்திலிருந்து போகக்கூடாது. இதற்குப் புதுச் சட்டம்கூடத் தேவையில்லை. செலவுத்தொகை விதிக்கும் அதிகாரம் கோர்ட்டுக்கு இன்றும் இருக்கிறது. இலாகாவிலே ஒரு குமாஸ்தா பத்து ரூபாய்க்குக் கணக்குக் காட்டத் தவறினால் சம்பளத்தில் பிடிக்கிறார்கள். ஒரு மனிதனுடைய ஜீவனத்தைப் பதினோரு மாதம் பிடித்து வைத்தவருக்கு மட்டும் ஏன் சலுகை? 1926-ஆம் வருஷத்து 2,000 ரூபாயையும் பார்லிமெண்டு இனியாவது எடுத்துத் தூர எறியட்டும்.

எல்லாவற்றுக்கும் மேலாகக் கட்சித் தொண்டர்களுக்கு ஒன்று சொல்லவேண்டும். எதிர்க்கட்சி மந்திரி கோர்ட்டில் மன்னிப்புக் கேட்டால் நீங்கள் வெடி கொளுத்துகிறீர்கள்; உங்கள் மந்திரி கேட்டால் அது சதி என்கிறீர்கள். இரண்டு நாளிலும் பென்ஷனுக்காகக் காத்திருக்கும் கிழவர் ஒருவரே. சட்டசபை கூடும்போது உங்கள் மெம்பரிடம் ஒரே ஒரு கேள்வியைக் கொடுத்தனுப்புங்கள்: ஒவ்வோர் இலாகாவிலும், கெடு முடிந்தும், ஸ்டே இல்லாமலும், நிறைவேற்றப்படாமற் கிடக்கும் கோர்ட்டு உத்தரவுகள் எத்தனை? அவற்றில் மிகப் பழையது எந்த வருஷத்தைச் சேர்ந்தது? ஆளும் கட்சி மெம்பரும் இதைக் கேட்கலாம். பதில் வந்தால் அதை இந்தப் பக்கத்தில் ஒரு வரி விடாமல் பிரசுரிக்கிறோம்.